சரக்குக் கப்பலுக்குப் பின்னால் போர்க்கப்பல்



நூலக வார விழாவில் ஒரு வரலாற்றாசிரியரைப் பற்றிப் பேச அழைத்தார்கள். நான் எடுத்துக்கொண்ட பெயர் வால்டர் லஃபீபர். 1933-ல் அமெரிக்காவின் இண்டியானா மாநிலத்தில் வாக்கர்டன் என்ற சிற்றூரில் பிறந்தவர். தந்தை மளிகைக்கடை வைத்திருந்தார். மகனும் சிறுவயது முதல் அந்தக் கடையில் வேலை பார்த்து வளர்ந்தார். 1959-ல் கார்னெல் பல்கலைக்கழகத்தில் ஆசிரியராகச் சேர்ந்தவர் 2006 வரை அங்கேயே கற்பித்தார். 2021-ல் மறைந்தார்.

அவருடைய நூல்கள் எல்லாவற்றிலும் ஓடுவது ஒரே கேள்விதான். தன் எல்லையைக் கடந்து ஒரு நாடு ஏன் படை அனுப்புகிறது? தூதர்களின் கடிதங்களில் விடை தேடியவர்கள் பலர். லஃபீபர் அந்தக் கடிதங்களுக்குப் பக்கத்திலேயே ஏற்றுமதிக் கணக்குகளையும், வணிகர்களின் கோரிக்கை மனுக்களையும், வர்த்தகப் பத்திரிகைகளையும் விரித்து வைத்துக்கொண்டார். இரண்டையும் சேர்த்து வாசித்தபோதுதான் பழைய கதைகள் ஆட்டம் கண்டன.

1963-ல் வந்த அவருடைய முதல் நூல் 'புதிய பேரரசு'. அதுவரை 1898-ம் ஆண்டின் ஸ்பெயின்-அமெரிக்கப் போரை எப்படிச் சொல்லிக்கொடுத்தார்கள்? ஸ்பெயினின் ஆட்சியில் இருந்த கியூபாவின் ஹவானா துறைமுகத்தில் 'மெய்ன்' என்ற அமெரிக்கப் போர்க்கப்பல் வெடித்தது. 260-க்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். பத்திரிகைகள் வெறியைக் கிளப்பின. எதிர்பாராமல் போர் மூண்டது. எதிர்பாராமல் ஒரு பேரரசும் கைக்கு வந்தது. இப்படித்தான் பலரும் எழுதினார்கள்.

லஃபீபர் முப்பது ஆண்டுகளுக்கும் மேல் பின்னால் போனார். உள்நாட்டுப் போர் 1865-ல் முடிந்த பிறகு அமெரிக்கத் தொழிற்சாலைகளும் பண்ணைகளும் சொந்த மக்கள் வாங்கக்கூடியதைவிட அதிகமாக உற்பத்தி செய்தன. 1893-ல் பொருளாதாரம் நொறுங்கியது. நூற்றுக்கணக்கான வங்கிகள் மூடப்பட்டன. வேலை இழந்தவர்கள் தெருவுக்கு வந்தார்கள். மறு ஆண்டே ரயில்வே வேலைநிறுத்தம் நாட்டை உலுக்கியது. வெளிநாட்டுச் சந்தை கிடைக்காவிட்டால் உள்நாட்டில் கலகம் வரும் என்று ஆட்சியில் இருந்தவர்கள் அஞ்சினார்கள். கடல் வணிகத்தைக் காக்க வலுவான கடற்படை வேண்டும் என்று வாதிட்ட அமெரிக்கக் கடற்படை அதிகாரி மஹானின் நூல் 1890-லேயே வந்துவிட்டது. போர்க்கப்பல்கள் கட்டப்பட்டன. கப்பலுக்குக் கரி வேண்டும், கரி நிரப்பத் தீவுகள் வேண்டும், இரண்டு பெருங்கடல்களையும் இணைக்க ஒரு கால்வாய் வேண்டும். தேவைகள் ஒன்றன்பின் ஒன்றாக வளர்ந்தன.

நண்பர்களே, கியூபாவின் விடுதலைக்காக என்று அறிவிக்கப்பட்ட அந்தப் போரின் முதல் பெரிய சண்டை எங்கே நடந்தது? 1898 மே 1 அன்று, உலகின் மறுகோடியில், பிலிப்பைன்ஸின் மணிலா விரிகுடாவில்! அதே ஆண்டு டிசம்பரில் பாரிஸில் உடன்படிக்கை கையெழுத்தானது. 2 கோடி டாலர் கொடுத்து பிலிப்பைன்ஸ் தீவுகள் ஸ்பெயினிடமிருந்து வாங்கப்பட்டன. ஸ்பெயினை எதிர்த்து உயிர்கொடுத்துப் போராடிய பிலிப்பைன்ஸ் மக்களுக்கு அந்த மேசையில் ஒரு நாற்காலிகூடத் தரப்படவில்லை. இரண்டே மாதத்தில் அவர்கள் அமெரிக்கப் படையோடு மோத வேண்டியதாயிற்று. அந்தத் தீவுகள்மேல் ஏன் இத்தனை ஆசை? அங்கிருந்து சீனா பக்கம். 1899-ல் வெளியுறவு அமைச்சர் ஜான் ஹே மற்ற வல்லரசுகளுக்குக் குறிப்பு அனுப்பி, சீனச் சந்தையின் கதவு எல்லோருக்கும் திறந்திருக்க வேண்டும் என்று கேட்டார்.

இதையெல்லாம் முதலாளிகளின் சதி என்று லஃபீபர் எழுதிவிடவில்லை. வணிகர்களில் பலர் 1898 தொடக்கம் வரை போரை விரும்பாததையும், அந்த வசந்த காலத்தில்தான் அவர்களில் ஒரு பகுதியினர் மனம் மாறியதையும் மறைக்காமல் சொல்கிறார். அந்த நேர்மைதான் என்னை அவரிடம் கட்டிப்போட்டது. பொருளாதாரக் காரணத்துக்கு அவர் தந்த எடை அதிகம், இனச்செருக்குக்கும் மதப்பணி ஆர்வத்துக்கும் தந்தது குறைவு என்று சில அறிஞர்கள் குறை கண்டார்கள். முதல் நூலைப் பொறுத்தவரை அதில் நியாயம் உண்டு என்றே நான் நினைக்கிறேன். பின்னாளில் எழுதிய நூல்களில் அவருடைய பார்வை அகன்றது.

பனாமா கால்வாய் பற்றிய நூல் 1978-ல் வந்தது. 1903 நவம்பர் 3 அன்று கொலம்பியாவிலிருந்து பனாமா பிரிந்தது; அதற்கு முந்தைய நாளே அமெரிக்கப் போர்க்கப்பல் ஒன்று அந்தக் கரைக்கு வந்துவிட்டது. நவம்பர் 18 அன்று கால்வாய் உடன்படிக்கை கையெழுத்தானது. பனாமாவின் சார்பில் கையெழுத்திட்டவர் ஒரு பிரெஞ்சுக்காரர்! பனாமாவின் பிரதிநிதிகள் வாஷிங்டனுக்கு வந்து சேர்ந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. பத்து மைல் அகல நிலம் என்றென்றைக்கும் அமெரிக்காவின் ஆளுகைக்குப் போயிற்று. இந்த வரலாறு அமெரிக்க மக்கள் கைக்குக் கிடைத்த அதே ஆண்டில்தான், கால்வாயைத் திருப்பித் தரும் உடன்படிக்கைக்கு அமெரிக்க செனட் 68-க்கு 32 என்ற கணக்கில் ஒப்புதல் தந்தது. தேவைப்பட்டது 67 வாக்குகள்.

1983-ல் மத்திய அமெரிக்காவின் ஐந்து நாடுகளைப் பற்றி எழுதினார். அதில் குவாத்தமாலாவின் கதை நெஞ்சை அறுக்கும். 1952-ல் அங்கே நிலச்சீர்திருத்தச் சட்டம் வந்தது. தரிசாகக் கிடந்த பெருநிலங்களை எடுத்து ஏழை உழவர்களுக்குக் கொடுத்தார்கள். வாழைப்பழ வணிகத்தில் கொழித்த அமெரிக்க நிறுவனமான யுனைடெட் ஃப்ரூட் கம்பெனியின் நிலமும் போனது. வரி கட்டும்போது கம்பெனி தானே காட்டிய மதிப்பைத்தான் அரசு இழப்பீடாகத் தர முன்வந்தது. கம்பெனியின் சார்பில் அமெரிக்க அரசு கேட்டதோ அதைப்போல் இருபது மடங்குக்கும் மேல்! 1954-ல் சிஐஏ ஏற்பாட்டில் நடந்த கலகத்தில், மக்கள் வாக்களித்துத் தேர்ந்தெடுத்த அதிபர் அர்பென்ஸ் பதவியிழந்தார். கம்யூனிச அச்சமும் வாஷிங்டனில் உண்மையாகவே இருந்தது. ஆனால் விலை கொடுத்தவர்கள் யார்? 1960 முதல் 1996 வரை நீண்ட உள்நாட்டுப் போரில் சுமார் இரண்டு லட்சம் பேர் கொல்லப்பட்டார்கள் அல்லது காணாமல் போனார்கள். அவர்களில் பெரும்பாலோர் மாயா பழங்குடியினர்.

அவருடைய நூல்களில் ஆகச் சிறந்தது எது என்று கேட்டால், 1997-ல் வந்த 'மோதல்' என்பேன். அமெரிக்க-ஜப்பான் உறவின் முழு வரலாறு அது. வரலாற்று நூல்களுக்கான பான்கிராஃப்ட் பரிசும் பெற்றது. 1853-ல் அமெரிக்கக் கடற்படையின் கொமடோர் பெரி நான்கு போர்க்கப்பல்களோடு ஜப்பான் கரையில் நின்ற நாளில் தொடங்குகிறது. எல்லோருக்கும் திறந்த சீனச் சந்தையை அமெரிக்கா கேட்டது. தன் பிடிக்குள் அடங்கிய சீனாவை ஜப்பான் கேட்டது. அமெரிக்காவின் முத்துத் துறைமுகத்தின் மீது ஜப்பானின் தாக்குதல் 1941 டிசம்பர் 7 அன்று நடந்தது என்பது பள்ளிப் பிள்ளைகளுக்கும் தெரியும். ஜப்பான் எரித்த எண்ணெயில் ஏறத்தாழ ஐந்தில் நான்கு பங்கு அமெரிக்காவிலிருந்து வந்தது என்பதும், அந்த எண்ணெய் 1941 கோடையில் நிறுத்தப்பட்டது என்பதும் நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்? ஜப்பான் சீனாவில் செய்த கொடுமைகளை இதனால் மன்னிக்க முடியாது. லஃபீபரும் மன்னிக்கவில்லை.

தன் நாட்டை இவ்வளவு கடுமையாக ஆராய்ந்தவரை அந்த நாடு எப்படி நடத்தியது தெரியுமா? 2006-ல் அவருடைய விடைபெறும் சொற்பொழிவு நியூயார்க்கில் ஒரு பெரிய அரங்கில் நடந்தது. ஏறத்தாழ 3,000 பேர் கூடினார்கள். அதிபர் கிளின்டனின் தேசியப் பாதுகாப்பு ஆலோசகர் சாமுவேல் பெர்கர், அதிபர் புஷ்ஷின் ஆலோசகர் ஸ்டீபன் ஹாட்லி இருவருமே அவரிடம் படித்தவர்கள். எதிரெதிர்க் கட்சிகளின் அரசுகளில் பணியாற்றியவர்கள்.

மாணவச் செல்வங்களே, நீங்கள் வாழும் காலத்தில் இறக்குமதி வரி, பொருளாதாரத் தடை, கால்வாய், எண்ணெய் என்ற சொற்கள் நாளிதழின் முதல் பக்கத்துக்கே வந்துவிட்டன. அடுத்த முறை எங்காவது போர்ச்செய்தி வந்தால், முந்தைய பத்தாண்டுகளின் வணிகச் செய்திகளையும் தேடி எடுத்து வாசியுங்கள். நூலகப் பொறுப்பாளர்களுக்கு என் வேண்டுகோள்: லஃபீபரின் இந்த நான்கு நூல்களையும் இங்கே வாங்கி வையுங்கள். மொழிபெயர்ப்பில் கைதேர்ந்தவர்கள் இந்த அவையில் இருக்கிறீர்கள். உங்களில் ஒருவர் 'மோதல்' நூலைத் தமிழில் கொண்டுவர முன்வர வேண்டும். பதிப்பாளர்கள் துணை நிற்க வேண்டும்.