அணைக்கும் மேலே ஓர் அணை

(முன்னாள் மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரை)



இன்ஜினியரைக் கூப்பிட்டால் டர்பைன், மோட்டார் என்று ஆரம்பிப்பான் என நினைத்திருப்பீர்கள். நான் ஒரு மலையைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன்.

ஊட்டிக்கு மேற்கே, கேரள எல்லையை ஒட்டி, முக்குருத்தி தேசியப் பூங்கா இருக்கிறது. பரப்பு சுமார் 78 ச.கி.மீ.தான். 1990-இல் தேசியப் பூங்கா ஆயிற்று. நீலகிரி பீடபூமியின் மேற்கு விளிம்பு அது. முக்குருத்திச் சிகரம் 2,554 மீட்டர். கொலாரிபெட்டா 2,600 மீட்டருக்கும் மேல். கிழக்கே பார்த்தால் அலை அலையாகப் புல்மேடு, மடிப்புகளில் சோலைக்காடு. மேற்கே சுவர் மாதிரி செங்குத்தாக நிலம்பூர்க் காட்டுக்கு இறங்குகிறது.

தென்மேற்குப் பருவக்காற்று வந்து மோதுவது இந்தச் சுவரில்தான். ஊட்டியில் ஒரு வருஷத்துக்குப் பெய்வது ஏறத்தாழ 1,200 மி.மீ. ஆனால் பூங்காவை அடுத்த அவலாஞ்சியில், 2019 ஆகஸ்டில் ஒரே நாளில் 800 மி.மீ.க்கு மேல் கொட்டியது!

உச்சியில் விழும் துளி மேற்கே உருண்டால் சாலியாற்றில் சேர்ந்து அரபிக்கடலுக்குப் போகும். கிழக்கே உருண்டால் நம்முடையது. வடக்கே பைக்காரா, 1932-லிருந்து மின்சாரம் தருகிறது. தெற்கே குந்தாத் திட்டத்தின் அணைகள், பிறகு கோவைக்குக் குடிநீர் தரும் பில்லூர். இரண்டு வழித் தண்ணீரும் கடைசியில் பவானிசாகரில் சந்தித்து, ஈரோட்டு வயல்களுக்குப் பாய்கிறது.

சரி, மழை நின்ற பிறகும் ஓடைகள் எப்படி ஓடுகின்றன? புல்வெளி மண்ணும், சதுப்பும், சோலையும் தண்ணீரைப் பிடித்து வைத்துக்கொண்டு கொஞ்சம் கொஞ்சமாக விடுகின்றன. இது வெறும் பேச்சு இல்லை, அளந்து பார்த்த கணக்கு. நீலகிரியில் கிளென்மார்கனில் புல்வெளியில் தைல மரம் நட்டு அளந்தார்கள். முதல் பத்து ஆண்டுகளில் நீர்வரத்து 16 சதவீதம் குறைந்தது. முக்குருத்திப் புல்வெளியிலோ, தோல் பதனிடும் பட்டைக்காக மலையில் நட்ட சீகை மரம் தானாகப் பரவியிருக்கிறது.

தம்பி தங்கைகளே, உங்களில் சிலர் மின்வாரியத்துக்கும் நீர்வளத் துறைக்கும் போவீர்கள். அணையின் பிளான் மேஜைக்கு வரும்போது, சுவரின் உயரத்தை மட்டும் பார்க்காதீர்கள். மேலே நீர்ப்பிடிப்பில் என்ன வளர்ந்திருக்கிறது என்றும் கேளுங்கள். வெட்டின சீகை மறுபடி முளைக்கும். அதை வருஷா வருஷம் பிடுங்குகிற செலவும் அணைப் பராமரிப்புச் செலவுதான். அப்படி எழுதிக் கையெழுத்துப் போடும் இன்ஜினியர்கள் நம் கல்லூரியிலிருந்து வரவேண்டும்.