பாப்பா சாப்பிடுது: 1895-ல் ஒரு வீட்டு வீடியோ

இன்னைக்கு நாம பேசப்போறது ஒரு குழந்தை சாப்பிடுற வீடியோ பத்தி. அதை எடுத்த வருஷம் 1895.

தோட்டத்துல ஒரு மேசை. ஒரு பக்கம் அப்பா அகஸ்டே லூமியர், ஸ்பூன்ல ஊட்டுறார். இன்னொரு பக்கம் அம்மா மார்கரீத், காபியோட. நடுவுல பாப்பா ஆந்த்ரே. கையில ஒரு பிஸ்கட் கொடுத்ததும் அதைச் சாப்பிடாம வெளியே நீட்டுது. கேமரா பின்னாடி நிக்கிறது சித்தப்பா லூயி லூமியர். அவ்வளவுதான் படம்!

அந்த கேமராவுல சுமார் 17 மீட்டர் ஃபிலிம்தான் போகும். நொடிக்கு ஏறக்குறைய 16 ஃபிரேம், கையால சுத்தணும். கணக்குப் போட்டா ஒரு நிமிஷம்கூட வராது. அந்த லிமிட்டுக்குள்ள எதை எடுக்கலாம்னு யோசிச்சு, பாப்பா சாப்பிடுறதைத் தேர்ந்தெடுத்திருக்காங்க.

1895 டிசம்பர் 28, பாரிஸ் கிராண்ட் கஃபே. டிக்கெட் 1 ஃபிராங்க், பத்து குட்டிப் படங்கள். ஆந்த்ரே அதுல ரெண்டு படத்துல வர்றா. இன்னொண்ணுல தொட்டியில மீன் பிடிக்கப் பார்க்கிறா. அந்தக் காலத்துல பாப்பா படத்தைப் பார்த்தவங்களைக் கவர்ந்தது, பின்னாடி காத்துல ஆடுற இலைகள். நாடக மேடையில துணியில வரைஞ்ச மரம் ஆடாதே!

ஆனா எனக்கு உறுத்துறது வேற. அதே பத்துல முதல் படம், லியோன்ல இருந்த லூமியர் தொழிற்சாலையிலிருந்து தொழிலாளர்கள் வெளியே வர்றது. கேட் திறக்குது, கும்பலா வர்றாங்க, ஃபிரேமை விட்டுப் போயிடுறாங்க. அவங்க வீட்டுக்குப் போய் யாருக்கு என்ன ஊட்டினாங்கன்னு நமக்குத் தெரியாது. முதலாளி வீட்டுல ஓய்வு நேரம் பதிவாச்சு. தொழிலாளி வேலை முடிச்சுக் கிளம்புறது மட்டும் பதிவாச்சு. கேமரா யார் கையில இருக்கோ, அவங்க வீட்டு ஞாபகம்தான் மிஞ்சும்.

அப்படி மிஞ்சுறதுக்கு மதிப்பு இல்லையான்னா, இருக்கு. ஆந்த்ரே 1918-ல இன்ஃபுளுவென்சா காய்ச்சல்ல இறந்துட்டாங்க. வயசு 24. அந்த பிஸ்கட்டை நீட்டுற கை மட்டும் இன்னும் இருக்கு.

இப்ப கேமரா நம்ம எல்லார் பாக்கெட்லயும் இருக்கு. உங்க ஃபோன் கேலரியை ஒரு தடவை மேலேர்ந்து கீழே ஸ்க்ரோல் பண்ணுங்க. வீட்டுல யாரு சும்மா உட்கார்ந்து சிரிக்கிற மாதிரி ஒரு வீடியோகூட இல்லைன்னு பாருங்க. அம்மாவா? பாட்டியா? இந்த ஞாயித்துக்கிழமை அவங்களை 50 நொடி எடுங்க. போஸ் வேண்டாம். காபி குடிச்சா போதும்.