சுவரில் உள்ள மின் தகடு

வீட்டுக்கு வெள்ளையடிக்கும் காலத்திலேதான் சுவரிலுள்ள மின் ஆளிகள் வீட்டுக்காரரின் கண்ணிற் படுகின்றன. தைப்பொங்கல் நெருங்குகின்றது, அல்லது மகளின் கலியாணத்துக்கு நாட் குறித்தாயிற்று. புதுச் சுவரிலே மஞ்சள் படிந்து, மூலை உடைந்து நிற்கும் பழைய தகடு அழகைக் கெடுக்கின்றது. அதையும் மாற்றிவிடலாம் என்று அவர் கடைக்குப் புறப்படுகின்றார். அழகை நாடித் தொடங்கும் இவ்வேலை முறையாகச் செய்யப்படின் வீட்டிலுள்ளோரைக் காக்கும். அவசரத்திற் செய்யப்படின் ஆபத்தை மூடி மறைக்கும்.

சுவிச் என வழங்கும் ஆளிக்கும், பிளக் பொயின்ற் என வழங்கும் குதைக்கும் முகமாய் அமைந்ததே இத்தகடு. இதன் பின்னால் 230 உவோற்று மின்சாரம் நிற்கின்றது. முன்னால் நிற்பது ஈரக் கையோடு வரும் இல்லத்தரசியின் விரலும், தவழும் குழந்தையின் விரலும் ஆகும். இவ்விரண்டுக்கும் இடையே உள்ள வேலி இதுவொன்றே. பழைய வீடுகளில் மரக்கட்டையின் மேற் பூட்டிய கபில நிற ஆளிகளை இன்றும் காணலாம். அவற்றுட் பல, 1907 இல் இலியோ பேக்லண்ட் ஆக்கிய பேக்கலைற் என்னும் பொருளாலானவை. அது வெப்பத்தைத் தாங்கும்; ஆயினும் அடிபட்டால் வெடிக்கும். வெடித்த தகட்டைப் பசைநாடாவால் ஒட்டி வைத்தல் வேலியிலுள்ள பொட்டை ஓலையால் மறைப்பது போன்றதாம்.

இலங்கை வீடுகளில் இருவகைக் குதைகள் கலந்து கிடக்கின்றன. ஒன்று 5, 15 அம்பியர் அளவுள்ள உருண்டை முனைக் குதை. மற்றது 13 அம்பியர் சதுர முனைக் குதை. பின்னதையே நாட்டின் ஒரே நியமமாகக் கொள்வதெனப் பொதுப் பயன்பாடுகள் ஆணைக்குழு 2016 ஆம் ஆண்டில் தீர்மானித்தது. இந்த அமைப்பு 1947 இல் பிரித்தானிய நியமமாக வெளிவந்ததாகும். இதன் கீழ்த் துளைகள் இரண்டும் உள்ளே அடைப்பினால் மூடப்பட்டிருக்கும். செருகியின் மேல்முனை மற்றவற்றிலும் நீளமானது. அது முதலிற் புகுந்து புவித்தொடுப்பை ஏற்படுத்தி, அடைப்பையும் திறந்துவிடும்.

இந்த நுட்பத்தை ஒரு பேனைமுனை பாழாக்குகின்றது. இருமுனைச் செருகி நுழையவில்லையென்று, மேல்துளையிற் பேனையையோ ஈர்க்கையோ திணித்து அடைப்பைத் திறக்கும் வழக்கம் எத்தனை வீடுகளில் உண்டு! அவ்வாறு புகுத்திய செருகி இறுக்கமாகப் பொருந்தாது; பொருந்தாத இடத்திற் சூடு பிறக்கும்; சூட்டினால் தகடு கருகும். அதைக் கண்டிருந்த பிள்ளை, பெரியோர் இல்லாத வேளையில் ஆணி ஒன்றினால் அதையே செய்து பார்க்கும். ஆதலின் குதையைச் சுற்றிக் கபில நிறக் கறை தோன்றினால், அதனை அழுக்கென்று துடைத்து விடாது, எச்சரிக்கை என்று கொள்ளல் வேண்டும்.

புதிய தகட்டை வாங்கச் செல்பவர் அளவை அறிந்து செல்லுதல் நலம். பிரித்தானிய முறையிலான ஒற்றைத் தகடு ஏறக்குறைய 86 மில்லிமீற்றர்ச் சதுரமானது. அதைப் பூட்டும் இரு திருகாணிகளுக்கும் இடைத்தூரம் 60.3 மில்லிமீற்றர். சுவரிற் புதைத்த பெட்டியின் ஆழத்தையும் அளத்தல் வேண்டும். ஆழமில்லாத பெட்டியிற் பெரிய குதையைத் திணித்தால் கம்பிகள் நசுங்கும். பித்தளை முதலிய உலோகத் தகடுகள் அழகியனவே. ஆனால் அவற்றுக்குப் புவித்தொடுப்பு இன்றியமையாதது. அது இல்லாத பழைய வீட்டில் அவ்வழகை விரும்பாதிருத்தலே அறிவுடைமை. கடற்கரையோர வீடுகளில் துருப்பிடியாத திருகாணிகளே உகந்தவை.

மாற்றும் வேலையிலே முதல் விதி, பிரதான ஆளியை நிறுத்துதலாகும். சுவர் ஆளியை மட்டும் நிறுத்தினால் அதற்கு வரும் கம்பியில் மின்சாரம் இருந்துகொண்டே இருக்கும். மின்வெட்டு நேரமே இவ்வேலைக்கு வாய்ப்பானதென்று எண்ணுவோரும் உளர். வெட்டிய மின்சாரம் சொல்லிக்கொண்டு திரும்புவதில்லை. பிரதான ஆளியை நிறுத்திய பின்னும், சோதனைக் கருவி நன்றாக வேலை செய்கின்றதா என முன்னரும் பின்னரும் பார்த்து, கம்பிகளில் மின்சாரம் இல்லையென்று உறுதிசெய்தல் வேண்டும். ரிப் சுவிச் என்னும் மின்கசிவுத் துண்டிப்பான் இருக்கின்றதே என்று துணிதலும் தவறு. ஒரே வேளையில் உயிர்க்கம்பியையும் நொதுமற் கம்பியையும் தொட்டவரை அது காப்பாற்றாது போகலாம்.

சுண்ணம் ஒட்டிய தகட்டின் விளிம்பை அலகினாற் கீறிக் கழற்றினால் சுவர் பெயராது. எந்தக் கம்பி எம்முடிவிடத்தில் இருந்ததென்று குறித்துக் கொள்ளல் வேண்டும். ஓரிடத்தில் இரு கம்பிகள் இருந்தால் இரண்டும் அங்கேயே திரும்பச் செல்லல் வேண்டும். பழைய வீடுகளிற் கம்பியின் நிறத்தை மட்டும் நம்புதல் ஆகாது. முடிவிடத் திருகாணிகள் கம்பியை இறுகப் பற்றல் வேண்டும். ஆனால் தகட்டை அளவுக்கு மிஞ்சி முடுக்கினால் புதுத் தகடும் வெடிக்கும்.

இவையாவற்றிலும் மேலானது ஒன்றுண்டு. தகட்டைக் கழற்றும் அந்தச் சில நிமிடங்களிலேதான் சுவருக்குள் மறைந்திருப்பது கண்ணுக்குத் தெரிகின்றது. கருகிய கம்பியோ, உதிரும் உறையோ, புவிக்கம்பி இல்லாத குதையோ அங்கே காணப்படின், அவ்வளவில் வேலையை நிறுத்தி, மின்சாரத்தை விடாது, தகுதிபெற்ற மின்வினைஞரை அழைத்தல் வேண்டும். கலியாணத்துக்கு இரண்டு நாளே இருக்கின்றதென்று அதன்மேற் புதுத் தகட்டைப் பூட்டிவிட்டால், வருபவர்கள் சுவரின் அழகை மெச்சுவர். ஆனால் உள்ளே இருக்கும் பழுதை, அதை அறியாத ஒரு குழந்தையின் கை ஒருநாள் கண்டுபிடிக்கும். பழுதை மறைக்காத தகடே நல்ல தகடு.