பக்கத்தில் போ: மிஷெல் பிரோவின் கேமரா

இப்போதெல்லாம் ஆவணப்படம் என்றால் முதல் ஷாட் டிரோன்தான். மேலிருந்து ஊர் தெரிகிறது, ஆறு தெரிகிறது. ஒரு முகம் தெரிவதில்லை. சின்னஞ்சிறு சமூகங்களைப் படமெடுக்கப் போகிறவர்களும் இப்படியே தொடங்குகிறார்கள். கேமரா பிடித்துப் பிழைக்கிற எனக்கு இது பொறுக்கவில்லை. அதனால் இன்று, பக்கத்தில் போய்ப் படமெடுத்த ஒளிப்பதிவாளர் மிஷெல் பிரோவைப் பற்றிப் பேசுகிறேன்.

1928-ல் மாண்ட்ரியலில் பிறந்தவர். ஆங்கிலம் பெரும்பான்மையாக உள்ள கனடாவில் பிரெஞ்சு பேசும் கியூபெக் மக்களில் ஒருவர். 1974-ல் அவர் எடுத்த கதைப்படத்துக்குக் கான் விழாவில் சிறந்த இயக்குநர் விருது கிடைத்தது. அதைப் பலரும் பேசுவார்கள். எனக்கு அவர் கேமராவைத் தோளில் வைத்து நடந்ததுதான் முக்கியம்.

1958. ஷெர்ப்ரூக் நகரில் பனிக்காலணி அணிந்து நடப்பவர்களின் விழா. முக்காலியில் கேமராவை நிறுத்தி, தூரத்திலிருந்து டெலி லென்ஸில் பிடிப்பது அன்றைய வழக்கம். ஜில் க்ரூவோடு சேர்ந்து அந்தக் குறும்படத்தை எடுத்த பிரோ, வைட் லென்ஸை மாட்டிக்கொண்டு கூட்டத்துக்குள் இறங்கிவிட்டார்.

இந்த வைட் லென்ஸைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். டெலி லென்ஸில் கை லேசாக நடுங்கினாலும் திரையே ஆடும். வைட் லென்ஸ் அந்த ஆட்டத்தைப் பொறுத்துக்கொள்ளும்; நடந்துகொண்டே எடுக்கலாம். ஆனால் முகம் பெரிதாகத் தெரிய, கைக்கெட்டும் தூரத்துக்குப் போயாக வேண்டும். அங்கே ஒளிந்து நிற்க முடியாது. எதிரே இருப்பவர் உங்களைப் பார்க்கிறார். வேண்டாமென்றால் முகத்தைத் திருப்பிக்கொள்வார். ஆக, பக்கத்தில் போனால் அவருடைய சம்மதமும் படத்துக்குள் வந்துவிடுகிறது. மறுபடி சொல்கிறேன்: பக்கத்தில் போனால்தான் சம்மதம். என் உதவியாளர்களிடம், முதல் நாள் டெலி லென்ஸைப் பெட்டியிலேயே விட்டுவிட்டு வரச் சொல்வேன். முனகுவார்கள். மாலைக்குள் நாலு பேர் வீட்டில் காப்பி குடித்திருப்பார்கள்.

பனிக்காலணி விழாவில் பிரோ நடந்த நடையைப் பார்த்துத்தான் பிரெஞ்சு ஆவணப்பட இயக்குநர் ஜான் ரூஷ் அவரைப் பாரிஸுக்கு அழைத்து, 1961-ல் வெளியான தன் படத்தில் சேர்த்துக்கொண்டார்.

என் நெஞ்சுக்கு நெருக்கமானது, 1963-ல் பியர் பெரோவோடு சேர்ந்து எடுத்த படம். செயின்ட் லாரன்ஸ் ஆற்றில் கூத்ர் என்றொரு தீவு. அங்கே ஆற்றுப்படுகையில் மரக்கழிகளை வரிசையாக ஊன்றி, ஓதத்தோடு வரும் வெள்ளைத் திமிங்கிலத்தை மடக்கிப் பிடிப்பார்கள். 1924-க்குப் பிறகு கைவிட்டிருந்தார்கள். படக்குழு தூண்ட, ஊரே மறுபடி கழி ஊன்றியது. அந்த முறையைத் தொடங்கியது பூர்வகுடிகளா, தங்கள் முன்னோர்களா என்று பெரியவர்கள் வாதாடுகிறார்கள். அந்த வாதத்துக்கு நடுவே கேமரா நிற்கிறது. மார்செல் கரியேர் உடனுக்குடன் ஒலியைப் பதிவுசெய்ததால், அந்தத் தீவுப் பேச்சு அதே வாயசைவோடு கிடைக்கிறது. பேச்சுதான் அந்த மக்களின் சொத்து.

பிறகு கியூபெக்கைவிடச் சிறிய சமூகத்தைத் தேடிப் போனார். நியூ பிரன்சுவிக் மாகாணத்தின் அக்காடியர்கள், அங்கேயும் பிரெஞ்சு பேசும் சிறுபான்மையினர். மாங்டன் பல்கலைக்கழக மாணவர்கள் மொழியுரிமைக்குப் போராடியபோது பிரோவின் கேமரா அவர்களோடு இருந்தது. 1971-ல் படம் வந்தது. போராட்டக் கூச்சலைவிட, அறைக்குள் மாணவர்கள் தங்கள் மொழிக்கு எதிர்காலம் உண்டா என்று தங்களுக்குள் கேட்டுக்கொள்வதுதான் அதன் உயிர். தூரத்து லென்ஸுக்கு அந்த அறைக்குள் இடமில்லை.

நேயர்களே, அடுத்த முறை ஓர் ஆவணப்படம் பார்க்கும்போது ஒன்றை மட்டும் கேளுங்கள்: இதில் வருகிறவருக்கு, இதை எடுத்தவரின் பெயர் தெரிந்திருக்குமா? தெரிந்திருக்கும் என்று தோன்றினால், அந்தப் படத்தை நம்புங்கள்.