பிள்ளை கையெழுத்திடாத சமாதானம்



எங்கள் சிந்தாதிரிப்பேட்டைச் சந்துகளில் வீடுகள் ஒட்டி ஒட்டி நிற்கின்றன. ஒரு வீட்டுச் சண்டை அடுத்த வீட்டுக்குக் கேட்காமல் போகாது. சண்டை காவல் நிலையம் வரை போய்விட்டால், தெருப் பெரியவர்கள் முதலில் சொல்வது இதுதான்: “கோர்ட்டு, கேஸுன்னு எதுக்கு அலையணும்? பேசி முடிச்சுக்குங்க.” நல்ல மனதோடு சொல்வதுதான், பல குடும்பங்களை அது காப்பாற்றியும் இருக்கிறது. ஆனால் வழக்கின் நடுவே ஒரு குழந்தை இருந்தால், குழந்தைக்காக அங்கே யார் பேசினார்கள் என்று கேட்டே ஆகவேண்டும்.

குற்ற வழக்கை நடத்துவது அரசு. புகார் கொடுத்தவர் வாபஸ் வாங்கிவிட்டார் என்பதற்காக எல்லா வழக்கும் முடிந்துவிடாது. இரு தரப்பும் ராஜியாகி முடித்துக்கொள்ளக்கூடிய குற்றங்கள் எவை என்று சட்டமே பட்டியல் போட்டிருக்கிறது. பட்டியலில் இல்லாத வழக்கை ரத்து செய்ய உயர் நீதிமன்றத்துக்குப் போகவேண்டும். அந்த அதிகாரத்தின் எல்லையை உச்ச நீதிமன்றம் 2012-இல் கியான் சிங் வழக்கில் வகுத்தது. குடும்பத் தகராறு, பணத் தகராறு போன்றவற்றில் சமாதானத்தை ஏற்கலாம். கொலை, பாலியல் வன்கொடுமை போன்ற கொடிய குற்றங்களில் ஏற்கக் கூடாது. அவை சமூகத்துக்கே எதிரான குற்றங்கள்.

பிள்ளை நடுவே நிற்கும் வழக்குகளை மூன்று வகையாகப் பார்க்கலாம். முதலில் கணவன் மனைவி வழக்கு. வரதட்சணைக் கொடுமைப் புகார், ஜீவனாம்ச மனு, குழந்தை யாரிடம் வளர்வது என்ற வழக்கு எல்லாம் ஒன்றன்மேல் ஒன்றாகச் சேர்ந்துவிடும். சென்னை உயர் நீதிமன்ற வளாகத்தில் 2005 முதல் சமரச மையம் இயங்குகிறது. அங்கே பேசி, எழுதிக் கையெழுத்திட்டு, குற்ற வழக்கையும் ரத்து செய்துகொள்கிறார்கள். இது நல்ல வழி. அப்பாவுக்கும் அம்மாவுக்கும் நடுவே பத்து வருடம் வழக்கு ஓடினால் அதில் தேய்வது பிள்ளையின் பால்யம்தான். ஆனால், “விவாகரத்து கொடுத்துவிடு, குழந்தைக்குப் பணம் கேட்க மாட்டேன்” என்று எழுதிக் கொடுக்கும் தாய்மாரும் உண்டு. விவாகரத்துக்காகத் தாய் விட்டுக்கொடுத்தாலும் மகளுக்குரிய ஜீவனாம்ச உரிமை போய்விடாது என்று உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. அந்த உரிமை பிள்ளையுடையது. பெற்றவர்கள் அதை வைத்துப் பேரம் பேச முடியாது.

அடுத்தது, குழந்தைக்கு எதிரான பாலியல் குற்றம். மத்தியப் பிரதேசத்தில் ஏழு வயதுச் சிறுமிக்கு நடந்த கொடுமையில், அவள் பெற்றோர் சமாதானமாகிவிட்டார்கள் என்பதைக் கணக்கில் எடுத்துக் குற்றவாளியின் தண்டனையைக் குறைத்து விடுவித்தது உயர் நீதிமன்றம். 2015 ஜூலை 1-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. இத்தகைய வழக்கில் சமரசம் என்ற பேச்சுக்கே இடமில்லை என்றது.

அதே நாட்களில் நம் தமிழ்நாட்டிலும் ஒன்று நடந்தது. கடலூர் மகளிர் நீதிமன்றம் தண்டித்த ஒருவருக்கு இடைக்கால ஜாமீன் கொடுத்து, பாதிக்கப்பட்ட பெண்ணோடு சமரச மையத்தில் பேசச் சொன்னது சென்னை உயர் நீதிமன்றம். குற்றம் நடந்தபோது அவள் சிறுமி. அதன் விளைவாகப் பிறந்த குழந்தையை அவள் தனியாக வளர்த்துவந்தாள். பேச வரமாட்டேன் என்று அவள் உறுதியாகச் சொன்னாள். நாடெங்கும் கண்டனம் எழுந்தது. ஜூலையில் அந்த உத்தரவை உயர் நீதிமன்றமே திரும்பப் பெற்றது. அந்தச் சமரசத்துக்கு உத்தரவிடும் முன் அவள் விருப்பத்தை யாரும் கேட்கவில்லை. கொடுமை அங்கேதான் தொடங்குகிறது.

ராஜஸ்தானில் மாணவியிடம் அத்துமீறியதாக ஓர் ஆசிரியர் மீது வழக்கு. மாணவியின் தந்தை சமாதானமாகி முத்திரைத்தாளில் எழுதிக் கொடுத்தார். உயர் நீதிமன்றம் வழக்கை முடித்தது. அதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் போனவர்கள் உறவினர்கள் அல்ல, அந்தப் பகுதியைச் சேர்ந்த வேறு இருவர். 2024 நவம்பர் 7-இல் வழக்கு உயிர்பெற்றது. குழந்தைக்கு நேர்ந்த கொடுமை அந்த வீட்டோடு முடிகிற விவகாரம் அல்ல என்பதற்கு அந்த இருவரே சாட்சி.

மூன்றாவது வகை சிக்கலானது. பதினேழு வயதுப் பெண்ணும் இருபது வயதுப் பையனும் விரும்பி ஊரைவிட்டுப் போய்விடுகிறார்கள். பெற்றோர் புகார் கொடுக்க, குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் போக்சோ சட்டத்தில் வழக்கு பதிவாகிறது. 2021 ஜனவரியில் இப்படி ஒரு வழக்கைச் சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ் ரத்து செய்தார். வளரிளம் பருவத்துக் காதலைத் தண்டிப்பது போக்சோ சட்டத்தின் நோக்கமல்ல என்றார். 2025 அக்டோபரில் தமிழ்நாட்டு வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் போக்சோ தண்டனையையே நீக்கியது. வழக்கின் நடுவே இருந்த பெண் தண்டிக்கப்பட்டவரையே மணந்து, கைக்குழந்தையோடு வாழ்ந்துவந்தார். நீதிமன்றம் அவர் வாக்கை மட்டும் வைத்து முடிவெடுக்கவில்லை. அவர் நலமாக இருக்கிறாரா என்று சட்டப்பணிகள் ஆணையத்தின் மூலம் விசாரித்தது. மனைவியையும் குழந்தையையும் கைவிடக் கூடாது என்று கணவருக்கு நிபந்தனையும் விதித்தது. அந்த விசாரிப்பும் நிபந்தனையும் இல்லாத சமாதானம், தண்டனைக்குத் தப்ப ஒரு தாலி கட்டினால் போதும் என்ற பாடத்தைத்தான் ஊருக்குச் சொல்லும்.

மூன்று வகையிலும் அளவுகோல் ஒன்றே. சமாதானத்தால் பெரியவர்களின் அலைச்சல் தீருகிறதா என்பது பிறகு. பிள்ளைக்குப் பாதுகாப்பு கூடுகிறதா, குறைகிறதா? குறைகிறது என்றால் அது சமாதானமே அல்ல. பிள்ளையின் வாயை மூடும் ஏற்பாடு.

நேயர்களே, உங்கள் தெருவில் இப்படி ஒரு பேச்சு நடந்தால் அந்தப் பிள்ளைக்காகக் குரல் கொடுங்கள். பாலியல் குற்றம் என்று தெரிந்தால் தகவல் சொல்வது சட்டப்படி உங்கள் கடமை. குழந்தைகள் உதவி எண் 1098. பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமான வரம்பில்லாமல் இலவச வழக்கறிஞர் கிடைப்பார். சட்ட உதவி எண் 15100. கையெழுத்துப் போடும் முன் இந்த எண்களில் ஒன்றை அழையுங்கள்.