மாறிவரும் சமுதாயமும் மகளிர் ஆய்வும்

(வெள்ளி விழாக் கருத்தரங்கில் ஆற்றிய உரை)



கல்விச் சங்கம் ஒன்று இருபத்தைந்து ஆண்டுகளை நிறைவு செய்யும்போது, எத்தனை பேர் படித்தனர், எத்தனை பேர் பட்டம் பெற்றனர், எத்தனை பேர் பணியில் அமர்ந்தனர் என்று கணக்குப் பார்ப்பது இயல்பு. அக்கணக்கு வேண்டுவதே. எனினும் அதனோடு வைத்துப் பார்க்க வேண்டிய வேறொரு கணக்கும் உண்டு. 1942ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில் நாகபுரியில் அகில இந்திய ஒடுக்கப்பட்ட வகுப்பு மகளிர் மாநாடு கூடியது. சுலோசனாபாய் டோங்கரே தலைமை தாங்கினார். ஆயிரக்கணக்கான பெண்கள் திரண்டிருந்த அம்மாநாட்டில் உரையாற்றிய அண்ணல் அம்பேத்கர், ஒரு சமுதாயத்தின் முன்னேற்றத்தை அதன் பெண்கள் அடைந்துள்ள முன்னேற்றத்தைக் கொண்டே தாம் அளப்பதாகக் கூறினார். அந்த அளவுகோலை இன்று நம் கையில் எடுத்துக்கொள்ள விழைகிறோம்.

அளப்பதற்கு அறிவு வேண்டும். அவ்வறிவைத் தரும் துறையே மகளிர் ஆய்வு. நம் நாட்டில் அத்துறை வேரூன்றியதற்கு ஒரு கணக்கெடுப்பே காரணமாயிற்று. பெண்களின் நிலையை ஆராய 1971இல் இந்திய அரசு ஒரு குழுவை அமைத்தது. அக்குழு 1974ஆம் ஆண்டின் இறுதியில் தன் அறிக்கையை முடித்தது. விடுதலை பெற்றுக் கால் நூற்றாண்டு கழிந்தும் பெண்களின் நிலை பல வகையில் தாழ்ந்திருப்பதை அவ்வறிக்கை எடுத்துக்காட்டியது. 1901இல் ஆயிரம் ஆண்களுக்கு 972 பெண்கள் இருந்த நாட்டில், 1971இல் 930 பெண்களே இருந்தனர். ஆலைகளும் அணைகளும் பள்ளிகளும் பெருகிய காலத்தில் பெண்களின் தொகை குறைந்தது ஏன்? இவ்வினாவே அறிஞர்களை உலுக்கியது. 1981இல் பம்பாயில் மகளிர் ஆய்வுக்கான முதல் தேசிய மாநாடு கூடியது. மறு ஆண்டில் அதற்கென அகில இந்திய அமைப்பு தோன்றியது. 1984இல் தமிழ்நாட்டில் அன்னை தெரசா மகளிர் பல்கலைக்கழகம் நிறுவப்பட்டது. பிற்காலத்தில் இத்துறை பாலின ஆய்வு என்றும் விரிந்தது. பெண்ணை மட்டுமன்றி, ஆண் எவ்வாறு ஆணாகவும் பெண் எவ்வாறு பெண்ணாகவும் வளர்க்கப்படுகின்றனர் என்பதையும் அது ஆராய்கிறது.

இத்துறையில் நம் பெண்களுக்கு உரிய இடம் எளிதில் கிடைத்துவிடவில்லை. பெண்கள் என்று பொதுவாகப் பேசிய இடத்தில் நம் பெண்கள் மறைந்தனர். தாழ்த்தப்பட்டோர் என்று பொதுவாகப் பேசிய இடத்திலும் அவர்களே மறைந்தனர். ஆயினும் அவர்கள் வாய் மூடி இருந்தவர்கள் அல்லர். 1855இல் பூனாவில் முக்தாபாய் என்னும் பதினான்கு வயது மாங் வகுப்புச் சிறுமி, புலே இணையர் நடத்திய பள்ளியில் கற்ற எழுத்தைக் கொண்டு, மகர், மாங் மக்களின் துயரத்தைக் கட்டுரையாக வரைந்தார். தம் இனப் பெண்கள் மகப்பேற்றுக் காலத்தில் கூரையின்றி மழையிலும் குளிரிலும் படும் பாட்டை அதில் அவர் குறிப்பிட்டுள்ளார். மகளிர் ஆய்வு என்னும் பெயரே பிறவாத காலத்தில் எழுந்த மகளிர் ஆய்வு அது.

நாகபுரி மாநாட்டுப் பெண்கள் மணவிலக்கு உரிமை கேட்டனர். பலதார மணத்துக்குத் தடை கேட்டனர். ஆலைகளில் உழைக்கும் பெண்களுக்கு விடுப்பு கேட்டனர். 1944இல் சென்னையில் கூடிய பட்டியல் வகுப்பினர் சம்மேளன மகளிர் மாநாட்டுக்கு அன்னை மீனாம்பாள் சிவராஜ் தலைமை ஏற்றார். கொச்சியில் பிறந்த தாட்சாயணி வேலாயுதன், நம் அரசியல் நிர்ணய சபையில் அமர்ந்த ஒரே தாழ்த்தப்பட்ட வகுப்புப் பெண்மணி ஆவார். இவர்களின் வரலாற்றைப் பிறர் எழுதக் காத்திராமல், மராத்தியில் ஊர்மிளா பவாரும் மீனாட்சி மூனும் அம்பேத்கர் இயக்கப் பெண்களைத் தேடிச் சென்று கண்டு, அவர்கள் கூறியவற்றைத் தொகுத்து 1989இல் நூலாக்கினர். அதே ஆண்டில் தமிழில் சிவகாமியின் ‘பழையன கழிதலும்’ வந்தது. 1992இல் பாமாவின் ‘கருக்கு’ வந்தது. 1995இல் தலித் பெண்களின் தேசியக் கூட்டமைப்பு உருவாயிற்று.

‘சாதிக் கொடுமையே நம் முதற்பகை, பெண் பற்றிய ஆய்வு பின்னர் ஆகட்டும்’ என்று நம் இளைஞர் சிலர் கூறக் கேட்கிறோம். அவர்கள் 1916இல் கொலம்பியாப் பல்கலைக்கழகத்தில் இளைஞர் அம்பேத்கர் படித்த கட்டுரையை நினைவு கூர்தல் வேண்டும். சாதி எவ்வாறு தன்னைக் காத்துக்கொள்கிறது என்று அவர் அதில் ஆராய்ந்தார். சாதிக்குள்ளேயே மணம் செய்யும் கட்டுப்பாடே சாதியின் உயிர்நாடி என்றும், அக்கட்டுப்பாட்டைக் காக்கவே உடன்கட்டையும் கட்டாயக் கைம்மையும் குழந்தை மணமும் வழங்கின என்றும் காட்டினார். பெண்ணைக் கட்டிவைத்த கயிற்றைக் கொண்டே சாதியும் கட்டப்பட்டது என்பது இதனால் விளங்கும். ஒரு கயிற்றை விட்டுவிட்டு மற்றொன்றை மட்டும் அறுக்க இயலாது.

இனி, மாற்றம் என்பதற்கு வருவோம். மாறிவரும் சமுதாயத்தில் எல்லோரும் ஒன்றுபோல் மேலேறுவதில்லை. மக்கள்தொகைக் கணக்கையே சான்றாகக் கொள்வோம். 1961இல் இந்திய அளவில் பட்டியல் வகுப்பு ஆண்களில் எழுத்தறிந்தோர் நூற்றுக்கு 16.96, பெண்களில் 3.29. 1981இல் ஆண்கள் 31.12, பெண்கள் 10.93. இருபாலரும் உயர்ந்தனர், ஆயினும் இடைவெளி 13.67இலிருந்து 20.19 ஆக விரிந்தது. 1991 முதல் ஏழு வயது நிறைந்தோரை மட்டும் கணக்கில் கொள்ளும் முறை வந்தது. அம்முறைப்படி 1991இல் ஆண்கள் 49.91, பெண்கள் 23.76, 2011இல் ஆண்கள் 75.2, பெண்கள் 56.5. இருபது ஆண்டுகளில் இடைவெளி 26இலிருந்து 19க்குள் சுருங்கியது. இதனால் நாம் அறிவது யாது? சமுதாயம் எழும்போது முதலில் ஆண் எழுகிறான். பெண்ணுக்கென்று தனியே முயற்சி எடுத்தாலொழிய இடைவெளி தானாகக் குறைவதில்லை.

எழுத்தறிவுக் கணக்கில் தென்படாத இன்னொரு மாற்றமும் உண்டு. நம் பாட்டிமார் காலத்தில் மாப்பிள்ளை வீட்டார் பெண்ணுக்குப் பரிசம் போட்டு மணம் முடித்தனர். வயலில் நாற்று நட்டுக் களையெடுத்துக் கதிரறுத்துக் கூலி கொண்டுவரும் பெண், தான் பிறந்த வீட்டுக்கும் புகுந்த வீட்டுக்கும் வேண்டியவளாக இருந்தாள். கணவனை இழந்தவளும், கணவனோடு வாழ இயலாதவளும் மறுமணம் செய்துகொள்ளும் வழக்கம் நம்மிடையே பல இடங்களில் இருந்தது. அவ்வாழ்க்கையில் வறுமை இருந்தது, ஆண்டையின் கொடுமை இருந்தது, குடித்துவிட்டு அடிக்கும் கணவனும் இருந்தான். அதைப் பொற்காலம் என்று எவரும் புகழ வேண்டா. ஆயினும் மணத்தின் பொருட்டுப் பெண்ணைப் பெற்றவன் கடனாளியாகும் நிலை அன்று இல்லை.

இன்று என்ன காண்கிறோம்? பையன் படித்துப் பணியில் அமர்ந்ததும் அவனுக்கு விலை ஏறுகிறது. பரிசம் போய் வரதட்சிணை வந்துவிட்டது. வரதட்சிணைத் தடைச் சட்டம் வந்தது 1961இல். நம்மில் பலர் வீட்டில் அவ்வழக்கம் நுழைந்ததோ அச்சட்டத்துக்குப் பின்னர். மறுமணம் இழுக்கு என்கிறோம். மருமகள் வேலைக்குப் போகாதிருப்பதைப் பெருமை என்கிறோம். நம்மைத் தாழ்த்தியவர்களின் வழக்கங்களையே உயர்வின் அடையாளமாகக் கொள்கிறோம். திருச்சிப் பகுதிச் சிற்றூர்களில் ஆராய்ந்த மானிடவியலாளர் கரின் கபாடியா 1995இல் வெளியிட்ட நூலில், பரிசம் வரதட்சிணையாக மாறிய இப்போக்கை விரிவாக எழுதியுள்ளார். பிறர் வந்து கண்டு எழுதியதை நாம் நம் தெருவில் கண்டும் எழுதாதிருக்கலாமா?

தொழில் மாற்றமும் பெண்ணின் மேல்தான் முதலில் விழுகிறது. அறுவடை இயந்திரமும் நடவு இயந்திரமும் வந்த வயல்களில் பெண்களின் கூலி நாட்கள் குறைந்தன. ஆண்கள் நகரத்துக்குச் சென்று கட்டட வேலையோ வண்டி ஓட்டும் வேலையோ தேடிக்கொள்கின்றனர். பெண்களோ குழந்தைகளையும் முதியோரையும் கால்நடைகளையும் காத்துக்கொண்டு ஊரிலேயே தங்குகின்றனர். விடியுமுன் எழுந்து நள்ளிரவில் படுக்கும் அவ்வுழைப்பு எக்கூலிக் கணக்கிலும் ஏறுவதில்லை.

ஆகவே இளைஞர்களுக்கு ஒரு வேண்டுகோள் விடுக்கிறோம். மகளிர் ஆய்வு பல்கலைக்கழகக் கட்டடத்துக்குள் மட்டுமே செய்ய வேண்டியது அன்று. ஒரு குறிப்பேடும் எழுதுகோலும் பொறுமையும் உள்ள எவரும் தொடங்கலாம். முதலாவதாக, உங்கள் தெருவின் மூத்த தாய்மார்களிடம் அமர்ந்து, அவர்கள் மணத்தில் யார் யாருக்கு என்ன கொடுத்தனர், அவர்கள் மகள் மணத்தில் என்ன, பேத்தி மணத்தில் என்ன என்று கேட்டு எழுதுங்கள். மூன்று தலைமுறையின் கணக்கு உங்கள் கையில் இருக்கும். இரண்டாவதாக, ஒரே வேலைக்கு ஆணுக்கு என்ன கூலி, பெண்ணுக்கு என்ன கூலி என்று குறியுங்கள். சம ஊதியச் சட்டம் வந்த ஆண்டு 1976 என்பதை அதன் பக்கத்திலேயே எழுதிவையுங்கள். மூன்றாவதாக, வீட்டுமனைப் பட்டா யார் பெயரில் உள்ளது என்று பாருங்கள். தமிழ்நாட்டில் 1989இலும், நாடு முழுவதும் 2005இலும் இந்துக் குடும்பங்களின் பூர்விகச் சொத்தில் மகளுக்குச் சமபங்கு அளிக்கும் திருத்தம் வந்தது. நம் மகள்களில் எத்தனை பேர் அப்பங்கைப் பெற்றனர்? நான்காவதாக, பள்ளியை இடையில் விட்ட ஒவ்வொரு பெண்ணின் பெயரையும், விட்ட வகுப்பையும், விட்ட காரணத்தையும் எழுதுங்கள். காரணம் பேருந்து இல்லாமையா, கழிப்பறை இல்லாமையா, தம்பியைப் பார்த்துக்கொள்ள ஆள் இல்லாமையா, அவசரத் திருமணமா என்று தெரிந்தால்தான் பரிகாரம் தேட இயலும்.

அவ்வாறு தொகுத்ததைச் சங்கத்தின் பொதுக்குழுவில் படியுங்கள். கேட்பதற்குச் சில செய்திகள் கசப்பாகத்தான் இருக்கும். ஊரார் நமக்கு இழைத்த அநீதியை எழுதும் அதே நேர்மையோடு, நம் வீட்டுக்குள் நடப்பதையும் எழுத வேண்டும். நீதி கேட்பவர் தம் வீட்டில் நீதி செய்யாவிடில், அவர் குரலுக்கு வலிமை இராது.

சங்கத்தாரிடமும் உரிமையோடு மூன்று வேண்டுகோள்களை வைக்கிறோம். மேற்படிப்பு உதவித்தொகையில் பாதி மாணவியர்க்கு உரியது என்று விதி வகுத்திட வேண்டும். உதவி பெற்றுப் படித்த எந்த இளைஞரும் வரதட்சிணை வாங்குவதில்லை என்று உறுதி எழுதித் தர வேண்டும். நிர்வாகக் குழுவில் தாய்மார்கள் விருந்தினராக அன்றி, வாக்குரிமை உள்ள உறுப்பினராக அமர வேண்டும். இம்மூன்றுக்கும் பெரும்பொருள் வேண்டா, மனம் வேண்டும்.

அடுத்த இருபத்தைந்து ஆண்டுகள் கழிந்து இச்சங்கம் பொன்விழாக் கொண்டாடும் நாளில், இம்மேடையில் நின்று நம் பெண்களின் வரலாற்றைத் தாமே ஆராய்ந்து எழுதிய மாணவி ஒருவர் உரையாற்ற வேண்டும் என்பதே எம் ஆவல். அதற்கான முதல் ஏட்டை இவ்வாண்டே தொடங்குங்கள்.