இடியாப்பமும் கொத்துக்கறியும்

விருத்தாசலம் என்றாலே பீங்கான்தான். எங்கள் வீட்டு உப்பு ஜாடியும் அந்த ஊரில் வாங்கியது. மேலே கண்ணாடி மாதிரி பூச்சு இருப்பதால் உப்பு அதை அரிக்காது.

ஞாயிறு ராத்திரி அந்த ஜாடியில் கைவிட்டுக் கல்லுப்பு அள்ளினால், அம்மா மாட்டுக் கொத்துக்கறி செய்கிறார் என்று அர்த்தம். கூடவே இடியாப்பம். இத்தாலியில் இதே ஜோடிதான் பாஸ்தாவும் கொத்துக்கறியும். பாஸ்தா செய்யும் கோதுமையில் குளூட்டன் என்ற பசைப்புரதம் உண்டு. பச்சைத் தண்ணீரில் பிசைந்தாலே மாவு இழுபடும். அரிசியில் அது இல்லை. அதனால்தான் அம்மா இடியாப்ப மாவில் கொதிநீர் ஊற்றுவார். மாவு வெந்து பிடித்துக்கொள்ளும், இழை அறுந்துபோகாது.

இன்று செய்துபாருங்கள். கறியில் மட்டும் தண்ணீர் ஊற்றாதீர்கள். அது விடும் தண்ணீரே வற்றி, எண்ணெய் பிரியும்வரை கிளறுங்கள்.